பேசாப் படத்தில் அசைந்த உதடுகள்

மகள் அபிராமிக்கு,

கடிதம் எழுதத் தொடங்கும்போது தாளின் உச்சியில் இறைவன் பெயரை எழுதிவிட்டே அடுத்த வரிக்கு வருவது என் வழக்கம். இன்று அந்த இடத்தை வெறுமையாக விட்டிருக்கிறேன். சினத்தோடு எழுதும் தாளில் அவன் பெயரை வைக்க மனம் இடம் தரவில்லை. இதை உன் முகவரிக்கு அனுப்பாமல் வாரப் பத்திரிகைக்குக் கொடுத்ததற்கும் அந்தச் சினமே காரணம். நகரின் பார்க்டேல் பகுதியில் நீ மரக்கறி வாங்கும் கடையின் வாசலில் இந்தப் பத்திரிகையை அடுக்கி வைத்திருப்பார்கள். நீ கட்டாயம் எடுத்துப் பார்ப்பாய். நம் வீட்டு முற்றத்தோடு நிற்கவேண்டிய ஒரு வசனத்தை நீ ஊரறியச் சொன்னாய். அதற்கு என் மறுமொழியும் ஊரறியவே வரட்டும் என்று எண்ணினேன்.

அடுத்த வெள்ளிக்கிழமை நீ லொஸ் ஏஞ்சலிஸ் நகருக்குப் போகிறாய் என்று மேல்மாடிப் பரிமளம் சொன்னாள். விமான நிலையத்துக்கு அம்மா வருவாவோ என்று அவளிடம் கேட்டாயாம். மாசி மாதத்திலிருந்து நான் உன்னோடு பேசவில்லை. நீ தொலைபேசியில் அழைக்கும்போதெல்லாம் மணி அடித்து ஓயும்வரை சமையலறையில் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். உன்னை வழியனுப்ப வருவதா, அல்லது இந்த மௌனத்தை என் கட்டை வேகும்வரை கொண்டுபோவதா என்று முடிவுசெய்யவே எழுத உட்கார்ந்தேன்.

நடிப்பை நான் இழிவென்று கருதுவதாக நீ நினைத்தால் அது பிழை. நான் நாள்தோறும் வணங்குபவனுக்கே கூத்தன் என்று பெயர். அழுகையையும் நம் முன்னோர் இழிவாகக் கருதவில்லை. மெய்ப்பாடுகளுள் ஒன்றாக அதை வைத்து, மனிதர் எதனால் அழுகிறார்கள் என்று நான்கு காரணம் வகுத்தார்கள். பிறர் இகழ்வது, உயிரையோ பொருளையோ இழப்பது, பழைய நிலையிலிருந்து தளர்வது, வறுமை. கூலிக்கு அழுவதை அவர்கள் சொல்லாமல் விட்டார்களே என்று நான் இளவயதில் வியந்ததுண்டு. சொல்லித்தான் இருக்கிறார்கள் என்பது ஏர்ஷி அம்மையாரின் வீட்டில் வேலை செய்த பின்புதான் விளங்கியது. அந்த நான்கும் ஒரே பெண்ணிடம் குடியிருந்ததை அங்கே கண்டேன்.

அவரை உனக்குத் தெரியும். இதைப் படிக்கும் மற்றவர்களுக்குத் தெரியாது, ஆகவே சொல்கிறேன். யாழ்ப்பாணத்தில் செத்தவீடுகளுக்குப் பதிகம் பாட அழைக்கப்பட்டவளான நான், கடல் கடந்து இந்த நகரின் சென் ஜேம்ஸ் ரவுண் பகுதிக்கு வந்து, வயோதிபர் வீடுகளைத் துப்புரவாக்கும் வேலையில் சேர்ந்தேன். நம் கட்டடத்திலேயே, நமக்கு இரண்டு மாடி கீழே, தொண்ணூறைத் தாண்டிய ஹங்கேரி நாட்டுப் பெண் ஒருவர் தனியே இருந்தார். அவரே ஏர்ஷி அம்மையார். பாடசாலை விட்டதும் நீ நேரே அங்கே வந்துவிடுவாய். நீ என்னை அழைப்பதைக் கேட்டு, 'அம்மா' என்பதே என் பெயர் என்று அவர் நினைத்துக்கொண்டார். என் தாயைவிட மூத்த ஒருவர் என்னை அம்மா என்று கூப்பிட்டார், நானும் திருத்தவில்லை. இஞ்சி தட்டிப்போட்ட பால் தேத்தண்ணியை அவருக்குப் பழக்கியவள் நான். "இது தேநீரா, பாயசமா?" என்று முகத்தைச் சுளிப்பார். சுளித்துவிட்டு இரண்டாவது கோப்பையும் கேட்பார்.

சிறு வயதில் சிற்றன்னையோடு கப்பலேறி அமெரிக்காவுக்குப் போய், படப்பிடிப்புக் கொட்டகையில் நடிகைகளின் உடைகளைத் தைத்துக்கொண்டிருந்தவர் அவர். அது படங்கள் பேசாத காலம். ஒருநாள் ஏழைத் தாயாக அழவேண்டிய கிழவி வரவில்லை. கையில் ஊசியோடு நின்ற இவரை இழுத்து, முடிக்கு மாவு பூசி, முகத்தில் சுருக்கங்கள் வரைந்து, கந்தைத் துணியால் செய்த ஒரு பிள்ளையை மடியில் போட்டு, அழு என்றார்கள். அவருக்கு அப்போது இருபத்திரண்டு வயது. அன்றிலிருந்து இளமை அவருக்குத் திரையில் வாய்க்கவேயில்லை. உருசியக் கிழவி, இத்தாலியக் கிழவி, ஆர்மீனியக் கிழவி, ஒருமுறை முகத்தில் கரி பூசி இந்தியக் கிழவியும். நாடு மாறும், முக்காடு மாறும், அழுகை மாறாது. படங்கள் பேசத் தொடங்கியதும் அவருடைய உச்சரிப்பு யாருக்கும் பிடிக்கவில்லை. பணிப்பெண்ணாக நின்று 'வண்டி வந்துவிட்டது, ஐயா' என்று ஒரு வரி சொல்வார். அதையும் பல படங்களில் வெட்டிவிட்டார்கள். வரைந்து காட்டிய சுருக்கங்கள் முகத்தில் தாமாகவே வந்துசேர்ந்தபோது அவரை அழைப்பதற்கு யாரும் இல்லை. ஒரு தச்சரை மணந்து இந்த நகருக்கு வந்தார். கணவரும் இறந்துபோனார். பிள்ளை இல்லை. "திரையில் நான் பறிகொடுத்த பிள்ளைகள் எல்லாம் ஒன்றாக வந்தால் நமது எலிவேட்டர் தாங்காது, அம்மா" என்று சிரிப்பார். எங்கள் எலிவேட்டர் அவர்கள் வராமலே பாதி நாள் தாங்காமல் நின்றது.

நீ அவர் காலடியில் அமர்ந்து கேட்டவை இந்தக் கதைகளே. அவற்றில் நீ வெளிச்சத்தை மட்டும் எடுத்துக்கொண்டாய். நானோ ஒரு பெண்ணை வாழ்நாள் முழுக்கப் பெயரில்லாமல் அழவைத்ததைக் கண்டேன். படத்தில் காட்டும் பெயர்ப்பட்டியலில் அவருடைய பாத்திரத்துக்கு ஒரு பெயரும் இருந்ததில்லை என்று நீயே எனக்குச் சொன்னாய். 'அழும் தாய்' என்று போடுவார்களாம். அப்படியிருந்தும் படிப்பை இடையில் விட்டு, நடிக்கப் போகிறேன் என்றாய். முதலில் வாடிக்கையாளரைச் சுடும் கடைக்காரனின் மனைவி, பிறகு மருத்துவமனையில் பின்னால் நடந்துபோகும் தாதி. அபிராமி என்ற பெயரைத் திரையில் ஏபி என்று குறுக்கினாய். எல்லாவற்றையும் நான் பொறுத்தேன். உன் வாழ்வு, உன் முகம் என்று பொறுத்தேன்.

அந்தப் பொறுமை மாசி மாதத்து வெள்ளிக்கிழமை ஒன்றில் முடிந்தது. பூசை முடிந்ததும் பரிமளம் எங்கள் எல்லோரையும் தன் வீட்டுக்குக் கூட்டிப்போனாள். "அக்கா, உங்கடை மகள் ரீவியிலை வந்ததை வீடியோவிலை பிடிச்சு வைச்சிருக்கிறன். வாங்கோ, எல்லாரும் பாப்பம்" என்றாள். கையில் விபூதித் தட்டோடு நானும் பெருமையாகவே போனேன். பெயர் சொல்லாத ஏதோ ஒரு நாடு; யுத்தம்; அமெரிக்க வைத்தியர் ஒருவர் அங்கே போகிறார். இடிந்த சுவரருகில் ஒரு தாய் மகனின் உடலை மடியில் வைத்திருக்கிறாள். அந்தத் தாய் நீ. முன்மயிரில் நரை பூசி, மங்கிய சேலை கட்டி, நெற்றியில் நீறும் வைத்திருந்தார்கள்.

"ஐயோ, அக்கா, உங்களை உரிச்சு வைச்ச மாதிரிக் கிடக்கு!" என்றாள் ஒருத்தி.

அப்போது நீ அந்த உடலின் தோளைப் பிடித்து உலுப்பி, உரத்த குரலில் சொன்னாய்: "தம்பி, சோறு ஆறுது. எழும்பி வா."

அந்த அறையில் சிரிப்புத் தொடங்கியது. "என்னடி உது, செத்தவீட்டிலை பந்திக்குக் கூப்பிடுறாள்!" என்றாள் பரிமளம். "வெள்ளையளுக்கு என்ன விளங்கப்போகுது எண்டு வாயிலை வந்ததைச் சொல்லிப்போட்டாள்" என்று இன்னொருத்தி. "சோறு ஆறினால் மைக்குரோவேவிலை வையன் பிள்ளை!" என்று மற்றவள் கைதட்டினாள். அவர்கள் பொல்லாதவர்கள் அல்லர், அவர்களுக்குத் தெரியாது. எனக்குத் தெரியும். என் முகத்தை யாரும் கவனித்துவிடக்கூடாது என்று நானும் அவர்களோடு சேர்ந்து சிரித்தேன். என் மகனின் சாவுக்கு நான் சிரித்தேன், அபிராமி. என்னை அந்த இடத்தில் இருத்தியவள் நீ.

அந்த வசனம் எங்கே பிறந்தது என்பதை இப்போது அவர்களும் அறியட்டும். உன் அண்ணனை நான் தம்பி என்றே கூப்பிடுவேன். சோறு போட்டுவிட்டு அவனைக் கூப்பிட்டேன். "வாறன் அம்மா, சைக்கிளுக்குக் காத்தடிச்சுப்போட்டு வாறன்" என்று வாசல் படலைக்குப் போனான். வீதியில் ஷெல் விழுந்தது. மறுநாள் முற்றத்தில், சாவுச் சடங்குக்குரிய நறும்பொடியான சுண்ணம் இடிக்க உரலும் உலக்கையும் வைத்துவிட்டு, சனம் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தது. அந்த ஊரில் யார் இறந்தாலும் சுண்ணம் இடிக்கும்போது பதிகம் பாடுகிறவள் நான்தானே! ஒப்பாரி வைக்கும் பெண்களைப் பார்த்து, இறைவன் சொல் இருக்க இந்த ஓலம் எதற்கு என்று கடிந்தவளும் நானே. என் மகனுக்கு நானே பாடுவேன் என்று எல்லோரும் காத்திருந்தார்கள். நான் வாயைத் திறந்தேன். சிறுவயது முதல் நெஞ்சில் சுமந்த பாட்டில் ஒரு சொல்லும் வரவில்லை. சோறு ஆறுது, எழும்பி வா என்பதே வந்தது. திரும்பத் திரும்ப அதுவே வந்தது. வேறு யாரோ பதிகத்தைப் பாடி முடித்தார்கள். நீ என் சேலைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் இருந்தாய். இறைவனுடைய சொல் என்னைக் கைவிட்ட அந்த நேரத்தைப் பற்றி நான் ஒருவரோடும் பேசியதில்லை. அதை நீ கண்டிருந்தாய். கண்டதைக் கொண்டுபோய் விளக்கு வெளிச்சத்தில் வைத்தாய்.

அன்று மாலையே உன்னை அழைத்தேன். நீ சொன்னது இன்னும் காதில் இருக்கிறது.

"அம்மா, டிரெக்டர் சொன்னவர், உன்ரை லாங்குவேஜிலை என்னெண்டாலும் சொல்லி அழு எண்டு. எனக்கு வேறை ஒண்டும் வரேல்லை. சத்தியமா, அது தானா வந்தது."

"எத்தினை தரம் எடுத்தவை?"

"லைட்டிங் சரிவரேல்லை எண்டு திரும்பத் திரும்ப எடுத்தவை."

"எல்லாத் தரமும் தானாத்தான் வந்ததோ?"

நான் தொலைபேசியை வைத்தேன். நாம் கடைசியாகப் பேசியது அதுதான்.

அடுத்த நாள் ஏர்ஷி அம்மையாரின் வீட்டுக்குப் போய், துடைப்பத்தைக் கையில் எடுக்காமலே அவர் முன்னால் நின்றேன். "உங்கள் கதைகளைக் கேட்டுக் கேட்டுத்தான் என் பிள்ளை கெட்டாள்" என்றேன். என் ஆங்கிலத்தில் எவ்வளவு கடுமை வருமோ அவ்வளவும் வந்தது. நடந்ததைச் சொன்னேன். அதற்கு அவர் சொன்னதை என் தமிழில் தருகிறேன்.

"ஒரு கதையை மட்டும் நான் அவளுக்குச் சொல்லவில்லை, அம்மா. சொல்லியிருந்தால் அவள் அதைச் செய்திருக்கமாட்டாள்" என்றார்.

அந்த முதற் படத்தில், கந்தைப் பிள்ளையை மடியில் போட்டு அழு என்றபோது அவருக்கு அழுகை வரவில்லையாம். வாயை அசை, எதையாவது சொல், எப்படியும் சத்தம் கேட்காது என்றார்களாம். அவருடைய தங்கை மரிஷ்கா சிறுமியாகக் காய்ச்சலில் இறந்தவள். பெட்டியில் கிடந்த அந்தப் பிள்ளைக்குத் தாய் கம்பளிக் காலுறை மாட்டிவிட்டு, "மரிஷ்கா, கால் குளிருதா?" என்று கேட்டுக்கொண்டே இருந்தாளாம். அது நினைவில் வர, அந்தச் சொற்களையே இவர் சொன்னார். அழுகையும் வந்தது. எல்லோரும் மெச்சினார்கள். ஆடு ஒன்று குறுக்கே போய்விட்டது என்று மறுபடியும் எடுத்தார்கள். வெயில் மாறிவிட்டது என்று மறுபடியும். "முதல் தரம் அழுதது நான். பிறகு அழுததெல்லாம் வேலை" என்றார்.

சில ஆண்டுகளின் பின் அந்தப் படம் அவருடைய கிராமத்துச் சந்தைத் திடலில் கூடாரம் போட்டுக் காட்டப்பட்டது. மகள் நடித்த படம் என்று தாய் நல்ல உடுப்பு உடுத்தி, அயலவரையும் கூட்டிக்கொண்டு முன்வரிசையில் போய் அமர்ந்தாள். திரையில் அவள் கண்டது மகளுடைய முகத்தை அல்ல. நரை பூசி, சுருக்கம் வரைந்து, முக்காடு போட்ட தன் முகத்தையே கண்டாள். அந்த முகத்தின் உதடுகள் அசைந்தன. சத்தம் எதற்கு? தன் வாயிலிருந்து வந்த சொற்களைத் தாய்க்குத் தெரியாதா? ஒரு கந்தைத் துணி மூட்டையிடம் அவளுடைய மகள் கால் குளிருதா என்று கேட்டுக்கொண்டிருந்தாள். தாய் எழுந்து வீட்டுக்குப் போய்விட்டாளாம். ஊரிலிருந்து வந்த உறவினன் ஒருவன் இதை ஏர்ஷி அம்மையாரிடம் சொன்னான். அதன்பின் தாய் அவருக்கு ஒரு வரியும் எழுதவில்லை. இவர் எழுதியவற்றுக்கும் பதில் இல்லை. யுத்தம் வந்தது, எல்லைகள் மாறின, தாய் எப்போது இறந்தாள் என்பதுகூடத் தெரியாது.

"படத்தில் வந்தது முதல் தரம் அழுததா, பிறகு அழுததா?" என்று கேட்டேன். என் சினத்துக்கு அந்தக் கேள்வி வேண்டியிருந்தது.

"எனக்குத் தெரியாது. என் தாய்க்கும் தெரிந்திருக்காது. ஆனால் திட்டுவதற்காவது அவர் ஒருமுறை எழுதியிருக்கலாம்" என்றார். பிறகு, "நீ கடுமையாக எழுது, அம்மா. ஆனால் எழுது" என்றார்.

நான் எழுதவில்லை. உன்னிடம் பேசவும் இல்லை. அவருக்கு வாய்த்த தாயைப் போலவே நானும் இருந்துகொண்டேன். அதில் ஒருவகை இன்பமும் இருந்தது. இனிச் சொல்லப்போவதை இருந்தபடி படி. ஏர்ஷி அம்மையார் சித்திரையில் இறந்துவிட்டார். நீ அப்போது படப்பிடிப்புக்காக வான்கூவரில் இருந்தாய். உன் தொலைபேசி எண் பரிமளத்திடம் இருந்தது. இரண்டு மாடி ஏறிக் கேட்டிருந்தால் தந்திருப்பாள். நான் ஏறவில்லை; அவர் இறந்ததை அவளுக்கும் சொல்லவில்லை. உன்மேல் கொண்ட சினத்துக்கு அவருடைய சாவையும் விறகாகப் போட்டேன். நீ திரும்பி வந்த பின்பும் அவரைப் பார்க்க வராமல் இருந்தது எனக்குப் பயந்துதான் என்று அறிவேன். இனி வந்து தட்டினால் அந்தக் கதவை வேறொருவர் திறப்பார்.

அடக்கத்துக்கு மூன்று பேர் இருந்தோம். ஒரு பாதிரியார், கட்டட மேலாளர், நான். வாழ்நாள் முழுக்கப் பிறர் பிள்ளைகளுக்கு அழுதவருக்கு அழ ஒருவரும் இல்லை. பாதிரியார் அவசரமாக ஓதி முடித்து, யாராவது ஏதும் சொல்ல விரும்புகிறீர்களா என்று கேட்டார். கட்டட மேலாளர் தலை குனிந்துகொண்டார். ஒரு பதிகம் பாடுவோம், இறைவனுக்கு மொழியும் மதமும் ஏது என்று நான் பெட்டியருகே போனேன். மகனுக்குப் பாடத் தவறியதை இவருக்காவது பாடுவேன் என்ற எண்ணமும் இருந்தது. அவருடைய கைகளைப் பார்த்தேன். வாயைத் திறந்தேன்.

"அம்மா, எழும்புங்கோ. தேத்தண்ணி ஆறுது."

அவ்வளவுதான் வந்தது. மறுபடியும் அதுவே வந்தது. பாதிரியார் தலையசைத்துக்கொண்டு நின்றார். தமிழில் ஏதோ பிரார்த்தனை என்று எண்ணியிருப்பார். கட்டட மேலாளர் என் தோளைத் தொட்டு, மிகவும் அழகாக இருந்தது என்றார்.

இனி நான் யாரை நொந்துகொள்வது? மகன் முன்னால் எனக்கு வந்தது, பெட்டி முன்னால் எனக்கு வந்தது, படப்பிடிப்பு விளக்கின் முன்னால் உனக்கு வந்தது. முதல் தரம் உனக்கு அது தானாகவே வந்தது என்று நம்புகிறேன். மற்றத் தரங்களை நான் மன்னிக்கவில்லை. மன்னிக்கும்வரை காத்திருந்தால் நீ போய்விடுவாய். ஆகவே மன்னிக்காமலே வெள்ளிக்கிழமை விமான நிலையத்துக்கு வருவேன். அங்கே அழுது என்னைக் கட்டிப்பிடிக்காதே. உன் அழுகையை நம்புவதற்கு எனக்கு இன்னும் காலம் வேண்டும். உன் பெட்டியைத் தூக்கித் தந்துவிட்டுத் திரும்புவேன். போகுமிடத்திலும் உன்னை அழச் சொல்வார்கள். உன் மொழியில் எதையாவது சொல் என்பார்கள். முன்வரிசையில் நல்ல உடுப்பு உடுத்திக்கொண்டு ஒருத்தி இருக்கிறாள் என்று நினைத்துவிட்டு வாயைத் திற.

தாளின் உச்சியில் விட்ட இடம் இன்னும் வெறுமையாகவே இருக்கிறது. சினம் தீர்ந்துவிட்டது என்று அவனிடம் நான் பொய் சொல்ல முடியாது. ஒன்று மட்டும் சொல்லி முடிக்கிறேன். நீ என்றாவது இந்த வீட்டுக்குத் திரும்பி வரும் நாளில், சமைத்து வைத்துவிட்டு உன்னைக் கூப்பிடமாட்டேன். நீ வந்து, சப்பாத்தைக் கழற்றி, கை கழுவி என் கண்முன்னே இரு. அதன் பிறகே அரிசியை அடுப்பில் வைப்பேன்.

அம்மா